கோயில் நடத்தும் சிறுவர் இல்லத்துக்கு அரசு ஏன் காசு கொடுக்கிறது?

இடம், ஆள், சாப்பாடு சமய நிறுவனத்தின் பொறுப்பு. பதிவு, மேற்பார்வை, பிள்ளைக்கு இவ்வளவு என்ற கொடுப்பனவு அரசின் பொறுப்பு. இதுதான் இந்தக் கூட்டு. காணிக்காரரும் உழவு மெஷின்காரரும் சேர்ந்து வயல் செய்வதுபோல.

காரணம் எளிது. கட்டடமும் ஊர் நம்பிக்கையும் கோயில், தேவாலயங்களிடம் ஏற்கெனவே உண்டு. ஆனால் பாதுகாப்பற்ற பிள்ளைக்குச் சட்டப்படி பொறுப்பு அரசே. யாழ்ப்பாணத்தில் அதைப் பார்ப்பது வடமாகாண நன்னடத்தை சிறுவர் பராமரிப்புச் சேவைகள் திணைக்களம்.

பெரும்பாலும் சிக்கல் கோப்பில்தான். நீதிமன்றக் கட்டளையும் அந்தத் திணைக்களத்தின் நன்னடத்தை உத்தியோகத்தரின் அறிக்கையும் இல்லாமல், "தாய் வெளிநாடு போறா, வச்சிருங்கோ" என்று நேரே விட்ட பிள்ளைக்குக் கொடுப்பனவு கேட்டால் இழுபடும். இரக்கப்பட்டுச் சேர்ப்பதால் வரும் வில்லங்கம் இது.

அரசின் காசை வாங்கினால் இல்லம் அரசுடைமையாகிவிடும் என்பது தவறு: அரச உதவி பெற்று சமய நிறுவனங்கள் இலங்கையில் நடத்திய பாடசாலைகள் 1960இல் அரசிடம் போனது அதற்கென்றே இயற்றிய சட்டத்தால், வாங்கிய நன்கொடையால் அல்ல.