பீரோ, அலமாரி, கப்போர்டு, வார்ட்ரோப்: எஸ்டிமேட்டில் எது எதைக் குறிக்கும்?

கேள்வி: ஏற்காட்டில் வீடு கட்டி முடிக்கும் நிலையில் இருக்கிறோம். மகளும் மருமகனும் அங்கேதான் குடியிருக்கப் போகிறார்கள். மேஸ்திரி கொடுத்த எஸ்டிமேட்டில் ‘கப்போர்டு 3’ என்று இருக்கிறது. ஆசாரி ‘அலமாரி, சதுர அடிக் கணக்கு’ என்கிறார். சீர்வரிசைக்காகச் சேலத்தில் விசாரித்த கடையில் ‘பீரோ, ஆறரை அடி, 20 கேஜ்’ என்று எழுதிக் கொடுத்தார்கள். சம்பந்தி வீட்டிலோ வார்ட்ரோப் இருந்தால் போதும் என்கிறார்கள். எல்லாம் துணி வைக்கிற பொருள்தானே? ஒரே வேலைக்கு இரண்டு முறை பணம் கொடுக்கிறோமா? மலைக்குளிருக்கும் ஈரத்துக்கும் எது தாங்கும்?

பதில்: உங்கள் சந்தேகம் சரியானதே. இந்த நான்கு பெயருக்கும் ஆளுக்கு ஆள் பொருள் மாறுகிறது. நீங்கள் சொன்ன மூன்று எஸ்டிமேட்டுகளையும் அப்படியே ஒப்புக்கொண்டால் ஒரு பகுதி வேலைக்கு இரட்டைச் செலவு ஆக நிறைய வாய்ப்பு உண்டு.

முதலில் மேஸ்திரியின் கப்போர்டு. கட்டட வேலையில் கப்போர்டு என்றால் பெரும்பாலும் சுவரோடு கட்டித் தரும் கான்கிரீட் அல்லது கடப்பா கல் தட்டுகள் மட்டும்தான். பக்கச் சுவர், தட்டு, பூச்சு அதில் அடங்கும். கதவு, கீல், பூட்டு அடங்காது. மேலே லின்டல் (கதவு, ஜன்னலுக்கு மேல் வரும் கான்கிரீட் விட்டம்) மட்டத்தில் வரும் பரணை ‘லாஃப்ட்’ என்று தனி வரியில் எழுதுவார்கள். சிலர் இதே வேலையை ‘ஷெல்ஃப்’ என்றும் எழுதுவதுண்டு. பெயர் எதுவானாலும் “கதவு உண்டா, தட்டு எத்தனை, உள்ஆழம் எவ்வளவு?” என்று கேட்டு எண்ணால் எழுதி வாங்குங்கள்.

ஆழம்தான் இங்கே முக்கியம். ஒன்பது அங்குலச் சுவரைக் குடைந்து கட்டினால் பின்பக்கம் நாலரை அங்குலச் செங்கல் போக, கையில் மிஞ்சுவது நாலரை அங்குலம். புத்தகம், மருந்து, சாமி படம் வைக்கலாம், துணிக்கு ஆகாது. பக்கச் சுவர் எழுப்பி அறைக்குள் ஒன்றரை அடி நீட்டிக் கட்டினால் மடித்த துணி வைக்கலாம். சட்டை மாட்டும் ஹேங்கரின் அகலமே 17, 18 அங்குலம் வரும். கதவு தடையில்லாமல் மூட, உள்ஆழம் 22 அங்குலமாவது வேண்டும். கல் தட்டு பூசி முடித்த பிறகு இதை மாற்ற முடியாது என்பதால் பூச்சுக்கு முன்பே முடிவு செய்யுங்கள்.

அடுத்து ஆசாரியின் அலமாரி. வீட்டுப் பேச்சில் அலமாரி என்பது பழைய சுவர் அலமாரியையும் குறிக்கும், தனியாக நிற்கும் மர அலமாரியையும் குறிக்கும். போர்த்துக்கீசியரின் ‘அர்மாரியோ’ நம்மிடம் வந்து அலமாரி ஆயிற்று. மேசை, ஜன்னல், சாவி எல்லாம் அதே வழியில் வந்தவைதான். இலங்கைத் தமிழர் அலுமாரி என்பார்கள். தமிழில் நிலைப்பேழை என்ற சொல்லும் உண்டு, கடையில் கேட்டால்தான் கிடைக்காது. உங்கள் ஆசாரி எந்த அலமாரியைச் சொல்கிறார் என்பதில்தான் பணம் இருக்கிறது. மேஸ்திரி கட்டும் கல் தட்டுக்குச் சட்டமும் கதவும் போடுவதா, அல்லது பக்கம், மேல், கீழ், பின்பலகை எல்லாம் சேர்த்து முழுப் பெட்டியா? முழுப் பெட்டி என்றால் அந்த இடத்தில் மேஸ்திரியின் கப்போர்டு தேவையே இல்லை. நீங்கள் அஞ்சும் இரட்டைச் செலவு இங்கேதான் நுழைகிறது.

சதுர அடிக் கணக்கிலும் ஒரு சிக்கல் உண்டு. ஆறு அடி அகலம், ஏழு அடி உயரம் உள்ள அலமாரியின் முகப்பு அளவு 42 சதுர அடி. அதையே உபயோகமாகும் பலகைக் கணக்கில் அளந்தால், இரண்டடி ஆழத்துக்கு இரு பக்கமும் 28, மேலும் கீழும் 24, நடுத்தடுப்பு 14, கதவு 42, பின்பலகை 42 என்று தட்டு போடும் முன்பே 150 சதுர அடி ஆகிவிடும். ஒருவர் முகப்புக் கணக்கிலும் இன்னொருவர் பலகைக் கணக்கிலும் விலை சொன்னால், குறைந்த விலை சொன்னவர்தான் மலிவு என்று நம்பி ஏமாறுவீர்கள். ‘முகப்பு அளவு, லாஃப்ட் சேர்த்து அல்லது நீக்கி, லேமினேட், கீல், இழுப்பறை ஓடும் சேனல், கைப்பிடி, பூட்டு உட்பட’ என்று ஒரே வரியில் எழுதச் சொல்லுங்கள். மேலே வரும் லாஃப்ட் கதவு ஆறுக்கு இரண்டு என்றால் இன்னும் 12 சதுர அடி கூடும்.

வார்ட்ரோப் என்பது இதே முழுப் பெட்டிக்கு இன்டீரியர்காரர்கள் சொல்லும் பெயர்; ஹேங்கர் மாட்டும் கம்பி அதில் கட்டாயம் இருக்கும் என்பதே வித்தியாசம். கதவு தள்ளித் திறப்பது என்றால், ஒன்றன் முன் ஒன்றாக ஓடும் இரண்டு கதவுகளுக்கும் தண்டவாளத்துக்கும் மூன்று அங்குலத்துக்கு மேல் இடம் போய்விடும். மொத்த ஆழம் 26 அங்குலம் வைக்க வேண்டும். சம்பந்தி வீட்டார் சொல்வது இந்தக் கம்பியும் தொங்கவிடும் வசதியுமா, அல்லது மரத்தில் இருந்தால் போதும் என்பதா என்று ஒரு வார்த்தை கேட்டுவிடுவது நல்லது.

இனி பீரோ. பிரெஞ்சில் பீரோ என்றால் எழுதுமேசை, பிறகு அந்த மேசை இருக்கும் அலுவலகம். பொலிட்பீரோ, பத்திரிகைகளின் ‘டெல்லி பீரோ’ எல்லாம் அந்த அலுவலகப் பொருளில் வருபவை. இங்கிலாந்தில் அது இன்றும் எழுதுமேசைதான். அமெரிக்காவில் இழுப்பறைகள் கொண்ட துணிப்பெட்டி. பூட்டும் இரும்பு அலமாரி என்ற பொருள் நம் பக்கத்து வழக்கு. ஆன்லைனில் வாங்குவோர் இதைக் கவனிக்க வேண்டும்: ஆங்கிலத்தில் பீரோ என்று தேடினால் மேசை வந்து நிற்கும், ‘அல்மைரா’ என்று தேடுங்கள். கடையில் ‘காட்ரெஜ் பீரோ’ என்று சொல்வதும் பல நேரம் அந்த அமைப்பிலான இரும்பு பீரோவைத்தான். 1897-ல் பூட்டுத் தயாரிப்பில் தொடங்கிய அந்த நிறுவனத்தின் பெயர் பொருளுக்கே பெயராகிவிட்டது. அந்தக் கம்பெனிப் பொருளே வேண்டுமென்றால் பில்லில் கம்பெனிப் பெயரும் மாடல் பெயரும் இருக்க வேண்டும்.

‘ஆறரை அடி’ என்றால் உயரம் 78 அங்குலம். வழக்கமாக அதற்கு அகலம் 36, ஆழம் 19 அங்குலம் வரும். கேஜ் என்பது தகட்டின் கனம். எண் கூடக் கூடத் தகடு மெலியும். 18 கேஜ் ஏறத்தாழ 1.2 மி.மீ., 20 கேஜ் 0.9 மி.மீ., 22 கேஜ் 0.7 மி.மீ. பெயின்ட் அடித்த பிறகு கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது, எடை சொல்லிவிடும். ஒரு சதுர மீட்டர் இரும்புத் தகடு ஒரு மி.மீ. கனத்தில் 7.85 கிலோ. மேலே சொன்ன அளவு பீரோவில் நான்கு தட்டு சேர்த்து சுமார் 8.2 சதுர மீட்டர் தகடு இருக்கிறது. 20 கேஜில் தகடு மட்டும் 58 கிலோ, 22 கேஜில் 45 கிலோ. மடிப்பு, லாக்கர், பூட்டு, கண்ணாடி எல்லாம் இதற்கு மேல். எனவே ‘முழுக்க 20 கேஜ்’ என்று விற்ற பீரோ மொத்தமே 50 கிலோ என்றால், கதவு மட்டும் 20, பின்பக்கமும் தட்டும் மெலிசு என்று பொருள். அப்படிச் செய்வது தவறென்று இல்லை. விலை அதற்கேற்ப இருக்க வேண்டும், பில்லில் பகுதிவாரியாக எழுதியிருக்க வேண்டும். பிளாட்ஃபார்ம் தராசில் ஏற்றிக் காட்டச் சொல்லத் தயங்காதீர்கள்.

சேலத்தில் ஒரு தவறான நம்பிக்கை உண்டு, இங்கே விற்கும் பீரோ சேலம் உருக்காலைத் தகட்டில் செய்தது, துருப்பிடிக்காது என்று. உருக்காலை பெயர்பெற்றது துருப்பிடிக்காத எஃகுத் தகட்டுக்கு. பீரோ செய்வது சி.ஆர். (குளிர்நிலையில் உருட்டியது) எனப்படும் சாதாரண இரும்புத் தகட்டில். அதைக் காப்பது மேல்பூச்சு ஒன்றுதான். எண்ணெய் நீக்கி, துரு நீக்கி, பாஸ்பேட் கொடுத்து, நடுநடுவே கழுவும் ‘ஏழு தொட்டி’ முறைக்குப் பின் பவுடர் கோட்டிங் செய்து 180 முதல் 200 டிகிரியில் சுட்டெடுத்தது மலைக்கு ஏற்றது. புட்டி பூசி ஸ்பிரே பெயின்ட் அடித்தது பளபளப்பாக இருக்கும், ஆனால் புட்டி பெயர்ந்த இடத்தில் ஈரம் புகும். வாங்கும்போது முன்கதவைத் தட்டிப் பார்ப்பதைவிடக் குனிந்து அடித்தட்டின் கீழ்ப்பக்கத்தையும், பின்தகடு சேரும் ஸ்பாட் வெல்டிங் ஓரத்தையும் விரலால் தடவிப் பாருங்கள். பூச்சு ஏறாமல் சொரசொரப்பாக இருந்தால் துரு முதலில் அங்கேதான் கிளம்பும்.

ஏற்காடு சுமார் 1,500 மீட்டர் உயரம். மூடுபனிக் காலத்தில் காற்றே ஈரம். இரவில் இரும்புத் தகடு சீக்கிரம் குளிர்ந்து, அதன் மேல் ஈரம் வியர்த்து நிற்கும். சுவரோடு ஒட்டி நிற்கும் பீரோவின் பின்பக்கம் அந்த ஈரம் காயவே காயாது. சுவரிலிருந்து நான்கு அங்குலம் தள்ளி, வெயில் படாத வெளிச்சுவரைத் தவிர்த்து, உட்சுவர் ஓரம் வையுங்கள். நான்கு கால்களுக்கும் அடியில் கிரானைட் துண்டு கொடுத்தால் தரை துடைக்கும் தண்ணீர் காலில் ஏறாது. வெயில் அடிக்கும் நாளில் ஒரு மணி நேரம் கதவைத் திறந்து போடுங்கள். இஸ்திரி போட்ட சூட்டோடு துணியை அடுக்காதீர்கள். அதில் உள்ள ஆவி உள்ளேயே தங்கி பூஞ்சைக்கு வழி செய்யும். துரு கண்ட இடத்தை எமரித் தாளால் பளிச்சென்று தேய்த்து, ரெட் ஆக்சைடு பிரைமர், அதன் மேல் எனாமல். தேய்க்காமல் மேலே பெயின்ட் அடித்தால் உள்ளே அரித்துக்கொண்டே போகும்.

கல்யாணப் பட்டு, அதுவும் சேலம் வெண்பட்டு வேட்டி, வெளிர்நிறச் சேலை போன்றவை, ஈரத்தில் மஞ்சள் கறை பிடிக்கும். துவைத்த வெள்ளை வேட்டித் துணியில் சுற்றி, மூன்று மாதத்துக்கு ஒருமுறை மடிப்பை மாற்றுங்கள். அந்து உருண்டை ஜரிகையில் நேராகப் படக்கூடாது, கறுக்கும். சிலிக்கா ஜெல் பையை மேல்தட்டில் வைக்கலாம். அதிலுள்ள நீல மணிகள் வெளிறி இளஞ்சிவப்பானால் பையிலிருந்து கொட்டி 110 டிகிரி ஓவனில் இரண்டு மணி நேரம் காயவைத்தால் திரும்ப வேலை செய்யும். நீலநிற வகை நச்சு, குழந்தை கைக்கு எட்டக்கூடாது. வெள்ளிக் கொலுசை ரப்பர் பேண்டு போட்டோ செய்தித்தாளில் சுற்றியோ வைத்தால் கறுப்பு ஏறும். காற்றுப் போகாத ஜிப் கவர் நல்லது.

மர வேலைக்கு வருவோம். மேஸ்திரியின் மூன்று கப்போர்டில் ஏதாவது வெளிச்சுவரில் வருகிறதா பாருங்கள். அங்கே குடைந்தால் மழைக்கும் உங்கள் துணிக்கும் நடுவில் நிற்பது நாலரை அங்குலச் செங்கல் மட்டும். சாரல் மழை அடிக்கும் பக்கமானால் ஒரு பருவத்திலேயே உள்பூச்சில் கறுப்புப் புள்ளி விழும். முடிந்தால் அதை உட்சுவருக்கு மாற்றுங்கள். கட்டி முடித்துவிட்டால் வெளிப்பக்கம் நீர்த்தடுப்புப் பூச்சு கொடுத்து, உள்ளே பலகையைச் சுவரில் ஒட்டாமல் ஒரு அங்குல ரீப்பர் (மரச்சட்டம்) அடித்து அதன் மேல் பொருத்தி, மேலும் கீழும் காற்று போகத் துளை விடச் சொல்லுங்கள். பிளைவுட்டில் ‘கமர்ஷியல்’ என்பது ஐ.எஸ். 303 எம்.ஆர். (ஓரளவு ஈரம் தாங்கும்) வகை, சமவெளி வீட்டுக்குப் போதும். மலைக்கு ஐ.எஸ். 710 எனப்படும் மரைன் வகை வாங்குங்கள், பலகையில் ஐ.எஸ்.ஐ. முத்திரையோடு உரிம எண்ணும் அச்சாகியிருக்கும். பெட்டிக்கும் தட்டுக்கும் 18 மி.மீ.; தட்டு மூன்றடிக்கு மேல் நடுத்தாங்கல் இல்லாமல் ஓடினால் துணிப் பாரத்தில் தொய்யும். வெட்டிய ஓரம் எல்லாவற்றுக்கும், கண்ணில் படாத பின் ஓரம் உட்பட, எட்ஜ் பேண்டு (ஓரத்தை மூடும் பட்டை) ஒட்ட வேண்டும். ஈரம் பிளைவுட்டுக்குள் போவது ஓரத்தின் வழியாகத்தான்.

எங்கள் பரிந்துரை: இரண்டு கப்போர்டைக் கல் தட்டாகவே உட்சுவரில் கட்டி ஆசாரியிடம் சட்டமும் கதவும் மட்டும் கேளுங்கள். மூன்றாவதை எஸ்டிமேட்டிலிருந்து நீக்கி, அந்த இடத்தில் கம்பியோடு ஒரு முழு வார்ட்ரோப் போடுங்கள். பீரோ ஒன்று போதும், பட்டுக்கும் பத்திரத்துக்கும். அதிலுள்ள லாக்கரை நம்பி எல்லா நகையையும் வைக்க வேண்டாம்; அது தீயைத் தாங்கும் இரும்புப் பெட்டி அல்ல. ஜன்னல் ஓரம் பீரோவை வைக்கவே வைக்காதீர்கள். ஜன்னல் வழியே கம்பி விட்டு இழுத்துத் திறக்கும் ‘பீரோ புல்லிங்’ திருட்டு தமிழ்நாட்டில் பழகிப்போன ஒன்று. பின்பக்கம் இரண்டு இடத்தில் சுவரோடு போல்ட் போட்டு, நான்கு அங்குல இடைவெளிக்கு இரும்புத் துண்டு கொடுத்துப் பிணைத்துவிடுங்கள்.

சேலத்திலிருந்து இருபது கொண்டை ஊசி வளைவு ஏற வேண்டும். தட்டுகளையும் கண்ணாடியையும் கழற்றித் தனியாகக் கட்டி, பீரோவைப் பூட்டி, முதுகுப்பக்கம் கீழே இருக்கும்படி மெத்தை மேல் படுக்கவைத்து ஏற்றச் சொல்லுங்கள். கதவுப்பக்கம் கீழே போனால் கீல் வளையும். இறக்கி நிறுத்தியதும் கதவு உரசினால் உடனே கடையைத் திட்ட வேண்டாம், பெரும்பாலும் தரை மட்டம்தான் காரணம். ஒவ்வொரு காலின் அடியிலும் ஓர் அட்டையை நுழைத்துப் பாருங்கள். எந்தக் காலில் எளிதாக நுழைகிறதோ அங்கே தகடு கொடுத்து, இரு கதவுக்கும் நடுவில் உள்ள இடைவெளி மேலிருந்து கீழ்வரை ஒன்றாகும் வரை உயர்த்துங்கள். அதன் பிறகுதான் சுவரோடு போல்ட் போட வேண்டும். பூட்டில் பொறித்திருக்கும் சாவி எண்ணைக் குறித்து, இரண்டாவது சாவியோடு அதைச் சேலம் வீட்டில் வையுங்கள்.