ஜாக்கெட்டுக்குள் நனைவது மழையா, வியர்வையா?

கேள்வி: பைக்கில் பாம்பன் பாலம் கடந்து தினமும் வேலைக்குப் போகிறேன். ஆவி வெளியேறும் வாட்டர்ப்ரூஃப் ஜாக்கெட் வைத்திருக்கிறேன். எங்கும் கிழிசல் இல்லை, ஆனாலும் உள்ளே நனைகிறது. தூக்கிப்போட வேண்டியதுதானா? – வாசகர், பாம்பன்

பதில்: அவசரப்படாதீர்கள். தோளிலும் முன்கையிலும் தண்ணீர் தெளித்துப் பாருங்கள். முத்து முத்தாக உருண்டோடினால் மேல்பூச்சு நன்றாக இருக்கிறது. துணி கருத்துத் தண்ணீரைக் குடித்தால் கோளாறு அங்கேதான். மழையைத் தடுப்பது உள்ளே ஒட்டியிருக்கும் மெல்லிய சவ்வு. பூச்சின் வேலை, மேல்துணியை ஊறவிடாமல் காப்பது. துணி ஊறிவிட்டால் வியர்வை ஆவிக்குப் போக வழியில்லை, உள்ளேயே தண்ணீராகிவிடும்.

நம் கரையில் உப்புக்காற்று இதை இன்னும் மோசமாக்கும். துணியில் படிந்த உப்பு ஈரத்தை இழுத்து வைத்துக்கொள்ளும். ஆகவே முதல் மருந்து சலவைதான். உவர்ப்பான போர் தண்ணீர் வேண்டாம். காவிரிக் குழாய்த் தண்ணீரோ பிடித்து வைத்த மழைத்தண்ணீரோ எடுங்கள். அரைமணி ஊறவைத்து உப்பை இறக்குங்கள். ஜிப்பை மூடி, வாசனையில்லாத திரவ சோப்பு இரண்டு தேக்கரண்டி போட்டுக் கையால் அலசுங்கள். காலர், மணிக்கட்டு ஓரங்களை மெல்லிய பிரஷ்ஷால் தேயுங்கள். நுரை அறவே போகும்வரை, குறைந்தது மூன்று தண்ணீர் அலசவேண்டும். சோப்பு மிச்சமிருந்தால் அதுவே தண்ணீரை இழுக்கும். கண்டிஷனர், ப்ளீச் கூடவே கூடாது. முறுக்கிப் பிழியாமல் நிழலில் காயப்போடுங்கள்.

நன்றாகக் காய்ந்ததும், லேபிள் அனுமதித்தால், மேலே பருத்தித் துணி விரித்து, ஆவியில்லாமல், மிகக் குறைந்த சூட்டில் இஸ்திரி போடுங்கள். சூடு பட்டால் பழைய பூச்சு ஓரளவு உயிர்பெறும். மறுபடி தண்ணீர் தெளித்துப் பாருங்கள். அப்போதும் ஊறினால்தான், மேல்பூச்சைப் புதுப்பிக்கும் நிக்வாக்ஸ், கிரேஞ்சர்ஸ் போன்ற கம்பெனி ஸ்ப்ரே வாங்கவேண்டும். ஜாக்கெட்டை மறுபடி அலசி, அந்த ஈரத்தோடு மேல்பக்கம் மட்டும் அடித்து, சில நிமிடம் கழித்து வழிந்து நிற்பதை ஈரத்துணியால் ஒற்றியெடுங்கள். விட்டுவிட்டால் வெள்ளைத் திட்டாகக் காயும்.

உட்பக்கம் பிசுபிசுத்தோ, தோல் உரிவதுபோலப் பெயர்ந்தோ இருந்தால் செலவு செய்யாதீர்கள். மழையைத் தடுக்கும் உள்சவ்வே மக்கிவிட்டது. ஐப்பசி அடைமழையில் வெளிக்காற்றும் ஈரமாகவே இருப்பதால் புது ஜாக்கெட்டும் திணறும். அக்குள் ஜிப் இருந்தால் திறந்துவிடுங்கள்.

கேள்வி: படகில் போடும் பிளாஸ்டிக் கோட்டுக்கும் இதே வைத்தியம் செய்யலாமா? – வாசகர், தொண்டி

பதில்: கூடாது. அதில் ஆவி போகும் துளையே கிடையாது. இஸ்திரிச் சூடு பட்டால் உருகும். கரை வந்ததும் நல்ல தண்ணீரில் அலசி, நிழலில் தொங்கவிடுங்கள்.