கணவர் வேறு மாவட்டத்தில் போட்ட விவாகரத்து வழக்கை என் ஊர்க் குடும்பநல நீதிமன்றத்துக்கு மாற்ற முடியுமா?

முடியும். என் வழக்கே அப்படி மாறி வந்ததுதான். நான் சட்டம் படித்தவள் இல்லை, பட்டதைத்தான் எழுதுகிறேன். வக்கீல்கள் யாரும் சண்டைக்கு வர வேண்டாம்.

நீங்கள் குழந்தையோடு அம்மா வீட்டில் இருக்கிறீர்கள் என்றே வைத்துக்கொள்கிறேன். வேறு யார் இதைக் கேட்கப் போகிறார்கள்?

என் கணவர் திருச்சியில் எச்.எம்.ஓ.பி., அதாவது இந்து திருமணச் சட்டப்படி விவாகரத்து மனு, போட்டார். நான் இருப்பது திருநெல்வேலியில். சம்மன் வந்த அன்றைக்கே சொந்தக்காரர்கள் கூடிவிட்டார்கள். "நீ போகாதே, நீ இல்லாமல் கேஸ் எப்படி நடக்கும்?" என்றார் பெரியப்பா. நன்றாகவே நடக்கும். போகாவிட்டால் எக்ஸ்பார்ட்டி ஆக்கி, அதாவது உங்கள் தரப்பைக் கேட்காமலேயே, விவாகரத்தே கொடுத்துவிடலாம். அப்புறம் அதை ரத்து செய்யச் சொல்லி 30 நாளுக்குள் மனுப் போட்டு அலைய வேண்டியதுதான்.

இந்த மாதிரி மாவட்டம் விட்டு மாவட்டம் மாற்ற உயர் நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும். சிவில் நடைமுறைச் சட்டம் 24-ஆம் பிரிவு. எங்கள் இரண்டு ஊருமே மதுரைக் கிளைக்குள் வருவதால் அங்கே டிரான்ஸ்பர் மனுப் போட்டோம். அவர் பெங்களூரில் வழக்குப் போட்டிருந்தால் 25-ஆம் பிரிவில் உச்ச நீதிமன்றம்வரை போயிருக்க வேண்டும். ஒன்றை மறக்காதீர்கள்: மனுவோடு சேர்த்து, கீழ்க்கோர்ட் விசாரணைக்கு இடைக்காலத் தடையும் கேளுங்கள். மதுரையில் மனு நிலுவையில் இருக்கிறது என்பதற்காகத் திருச்சி கோர்ட் காத்திருக்க வேண்டியதில்லை. தடை கிடைக்கும்வரை அங்கேயும் ஒரு வக்கீல் வைத்து வாய்தா வாங்கினோம். அதற்குத் தனி ஃபீஸ்.

பெண் கேட்டால் கண்ணை மூடிக்கொண்டு மாற்றிவிடுவார்கள் என்று சொல்ல ஒரு கூட்டம் இருக்கிறது. பொதுவாக மனைவியின் வசதியைத்தான் பார்க்க வேண்டும் என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மை. வேலூரிலிருந்து சென்னைக்கு மாற்றிய வழக்கு அது. என் வக்கீலும் அதைத்தான் காட்டினார். ஆனால் இருவரின் பணவசதி, பிழைப்பு, யார் ஆதரவில் இருக்கிறார்கள் என்பதையும் பார்க்கச் சொல்வது அதே தீர்ப்புதான். அதனால் "சிரமமாக இருக்கிறது" என்று மொட்டையாக எழுதாதீர்கள். என் அப்பாவுக்கு டயாலிசிஸ், அம்மா அவரோடு ஆஸ்பத்திரியில், குழந்தையைப் பார்க்க ஆள் இல்லை என்று ஆஸ்பத்திரிச் சீட்டோடு போட்டோம்.

கணவர் தரப்பில் லேசில் விடவில்லை. பயணச் செலவு தருகிறோம் என்றார்கள். அப்புறம், வீடியோவில் ஆஜரானால் போதுமே என்றார்கள். 2017-ல் உச்ச நீதிமன்றம் டிரான்ஸ்பர் மனுவிலேயே வீடியோ விசாரணைக்கு உத்தரவிடக் கூடாது, சமரசம் தோற்ற பிறகு இருவரும் சேர்ந்து கேட்டால் பார்க்கலாம் என்று சொல்லியிருக்கிறது. கொரோனாவுக்குப் பிறகு வீடியோ பழகிப்போனதால் அந்த வாதம் உங்களுக்கும் வரும், தயாராக இருங்கள்.

எனக்குக் கைகொடுத்தது ஜீவனாம்ச மனு. அதை மனைவி தான் குடியிருக்கும் ஊரிலேயே போடலாம், நான் ஏற்கெனவே போட்டிருந்தேன். அதற்கு அவர் வந்துபோய்க்கொண்டுதான் இருந்தார். "அந்தக் கேஸுக்கு வர முடிகிறவருக்கு இந்தக் கேஸுக்கு வர முடியாதா?" என்று நீதிபதி கேட்டார். எதிர்த்தரப்பு வக்கீல் கேஸ் கட்டைப் புரட்டிக்கொண்டே நின்றார்.

ஆர்டர் வந்ததும் முடிந்தது என்று உட்கார்ந்துவிடாதீர்கள். காப்பி வாங்கித் திருச்சியில் கொடுத்து, கேஸ் கட்டு கிளம்பிவிட்டதா என்று குமாஸ்தாவைக் கேட்டுக்கொண்டே இருந்தோம்.

வழக்கு இப்படி ஊர் மாறி வந்துவிட்டது, என் பெயர் மட்டும் இன்னும் மாமியார் வீட்டு ரேஷன் கார்டிலேயே இருக்கிறது. நீக்கப் போனால் "குடும்பத் தலைவர் வந்து சொல்லட்டும்" என்கிறார்கள். விவாகரத்துக்குக் கோர்ட் ஏறும் மனிதர் இதற்கு வருவாரா? மகளின் பெயரை எந்தக் கார்டில் சேர்ப்பது? யாருக்காவது இதற்கு வழி தெரிந்தால் சொல்லுங்கள்.