என்18.3 சரியான கோடுதான். கோளாறு லேப் பில்லில் இருக்கிறது

கேள்வி: தஞ்சாவூரில் பிறந்து, கல்யாணமாகி தென்னாப்பிரிக்காவின் டர்பன் பீனிக்ஸுக்கு வந்தவள் நான். கணவருக்கு 61 வயது. பல வருடமாகச் சர்க்கரை, அதோடு பிரஷர். போன வருடம் சில மாத இடைவெளியில் இரண்டு முறை ரத்தம் எடுத்துப் பார்த்துவிட்டு, கிட்னி பாதிப்பு மூன்றாம் நிலை என்று டாக்டர் சொன்னார். இஜிஎஃப்ஆர் (கிட்னி எவ்வளவு வடிகட்டுகிறது என்ற அளவு) முதலில் 52, அப்புறம் 49. அவருடைய பில்லில் நோயைக் குறிக்கும் கோடு (code) என்18.3 என்று போட்டிருக்கிறது. மார்ச்சில் மறுபடி எடுத்த லேப் பரிசோதனைக்கு எங்கள் மருத்துவக் காப்பீடான மெடிக்கல் எய்ட், அதில் எங்கள் பேரில் உள்ள சேவிங்ஸ் கணக்கிலிருந்து பணத்தை எடுத்துவிட்டது. என் அக்கா மகள் சென்னையில் மெடிக்கல் கோடிங் வேலை பார்க்கிறாள். "சித்தி, என்18.3 செல்லாத கோடு, அதனால்தான் பிரச்சினை. என்18.31 என்று மாற்றச் சொல்லுங்கள்" என்கிறாள். டாக்டர் ஆபீசில் இருக்கும் பெண்ணோ, அந்தக் கோடை சிஸ்டம் எடுக்காது என்கிறாள். யார் சொல்வது சரி?

பதில்: இரண்டு பேருமே தெரிந்துதான் பேசுகிறார்கள். உங்கள் அக்கா மகள் வேலை பார்ப்பது அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் கணக்குக்காக இருக்கும். சென்னையில் கோடிங் கம்பெனிகள் பெரும்பாலும் அந்த வேலையைத்தான் செய்கின்றன. அமெரிக்கா, உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 என்ற நோய்க் கோடுப் பட்டியலை எடுத்துத் தனக்கென்று விரித்து எழுதி வைத்திருக்கிறது. அதில் 2020 அக்டோபர் 1 முதல் என்18.3 மூன்றாகப் பிரிந்துவிட்டது. மூன்றாம் நிலைக்குள் 3ஏவா 3பியா என்று குறிப்பிடாவிட்டால் என்18.30, 3ஏ என்றால் என்18.31, 3பி என்றால் என்18.32. வெறும் என்18.3 என்று எழுதினால் அங்கே பில் திரும்பி வரும். அவளுடைய மேஜையில் அது உண்மையிலேயே செல்லாத கோடு.

தென்னாப்பிரிக்கா அந்த அமெரிக்கப் பதிப்பைப் பயன்படுத்துவதில்லை. இங்கே உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10தான். எந்தக் கோடு செல்லும், எது முதல் இடத்தில் வரலாம், எது வரக்கூடாது என்பதை மாஸ்டர் இண்டஸ்ட்ரி டேபிள் என்ற ஒரே அட்டவணையில் போட்டு வைத்திருக்கிறார்கள். டாக்டர் ஆபீஸ், லேப், பார்மசி, மெடிக்கல் எய்ட் எல்லோருடைய கம்ப்யூட்டரும் அதைத்தான் பார்க்கும். அதில் என்18.3 என்றால் நாள்பட்ட சிறுநீரக நோய், மூன்றாம் நிலை. அதற்குப் பின்னால் இன்னொரு எண் கிடையாது. சென்னை பஸ் நம்பரை வைத்துக்கொண்டு டர்பன் ஸ்டேஷனில் நின்றால் என்ன ஆகும்? என்18.31 என்று தட்டினாலும் அதுதான் ஆகும். ஆகவே அந்தக் கோடை மாற்றச் சொல்லாதீர்கள். மாற்றினால் நன்றாக இருக்கும் பில்லும் கெட்டுப்போகும்.

அவள் சொல்லும் 3ஏ, 3பி பிரிவு மருத்துவத்தில் உள்ளதுதான். இஜிஎஃப்ஆர் 45 முதல் 59 வரை 3ஏ, 30 முதல் 44 வரை 3பி. உங்கள் கணவர் 3ஏ. டாக்டர் அதைத் தன் குறிப்பில் எழுதலாம், எழுதவும் வேண்டும். ஆனால் இங்குள்ள கோடில் 59 உள்ளவரும் என்18.3, 30 உள்ளவரும் என்18.3. கோடைப் பார்த்து மெடிக்கல் எய்டுக்கு இந்த வித்தியாசம் தெரியாது. அதனால்தான் அவர்கள் லேப் ரிப்போர்ட்டைக் கேட்கிறார்கள்; பழைய ரிப்போர்ட் ஒன்றையும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். உலக சுகாதார நிறுவனத்தின் அடுத்த பதிப்பான ஐசிடி-11இல் 3ஏக்கும் 3பிக்கும் தனித்தனிக் கோடு வந்துவிட்டது. ஆனால் உங்கள் பில் இன்று ஓடுவது ஐசிடி-10இல்.

சரி, அப்படியானால் சேவிங்ஸிலிருந்து பணம் ஏன் போனது? டாக்டரின் பில்லை விட்டுவிட்டு லேப் அனுப்பிய பில்லை எடுங்கள். அதில் ஒவ்வொரு பரிசோதனைக்கும் பக்கத்தில் ஒரு கோடு இருக்கும். அங்கே இசட்01.7 என்று இருக்கும் என்பது என் ஊகம். "லேப் பரிசோதனை" என்பதற்கு மேல் அந்தக் கோடுக்குப் பொருள் இல்லை. யாருக்கு என்ன நோய், எதற்காக ரத்தம் எடுத்தார்கள் என்ற விவரம் எதுவும் அதில் இல்லை.

இது எப்படி நேர்கிறது என்றால், லேப் நோயாளியைப் பரிசோதிப்பதில்லை. டாக்டர் கொடுத்தனுப்பும் தாளில் என்ன கோடு இருக்கிறதோ அதைத்தான் அவர்கள் பில்லில் ஏற்ற முடியும். பல டாக்டர்கள் அந்தத் தாளில் கிரியாட்டினின், யூரியா, பொட்டாசியம், சிறுநீர் ஆல்புமின் என்று வரிசையாக டிக் அடித்துவிட்டு, கோடு எழுத வேண்டிய கட்டத்தைக் காலியாக விட்டுவிடுகிறார்கள். தாளில் கோடு இல்லாவிட்டால் லேப் தானாக ஒரு நோயைக் கண்டுபிடித்துப் போட முடியாது, இசட் கோடுதான் போடும். மெடிக்கல் எய்டின் கம்ப்யூட்டர் அதைச் சாதாரண செக்கப் என்று எடுத்துக்கொண்டு சேவிங்ஸில் கை வைக்கும். ரிப்பீட் மருந்திலும் இதே கதை உண்டு. ஸ்கிரிப்டில் நோயின் கோடுக்குப் பதிலாக இசட்76.0 என்று இருந்தால் "மருந்துச் சீட்டைப் புதுப்பித்தது" என்று மட்டும்தான் பொருள். சிறுநீரக நோய்க்கான பணம் அதற்கு வராது.

இது சின்ன விஷயமல்ல. 1998ஆம் ஆண்டின் மெடிக்கல் ஸ்கீம்ஸ் சட்டத்தின் கீழ், பிளான் எவ்வளவு மலிவாக இருந்தாலும் மெடிக்கல் எய்ட் கொடுத்தே ஆக வேண்டிய குறைந்தபட்சப் பலன்கள் இருக்கின்றன. பிஎம்பி என்று எல்லோரும் சொல்வது அதைத்தான். நாள்பட்ட சிறுநீரக நோய் அந்தப் பட்டியலில் உள்ள நீண்டகால நோய்களில் ஒன்று. விதி 8இன்படி அதைக் கண்டறிவதற்கும், சிகிச்சைக்கும், பராமரிப்புக்கும் ஆகும் செலவை மெடிக்கல் எய்ட் முழுவதுமாகக் கொடுக்க வேண்டும். அவர்கள் குறிப்பிட்ட டாக்டர், லேப், பார்மசியைப் பயன்படுத்த வேண்டும் என்ற நிபந்தனை இருக்கலாம். விதி 10 இன்னும் தெளிவாகச் சொல்கிறது: பிஎம்பி செலவைச் சேவிங்ஸ் கணக்கிலிருந்து எடுக்கவே கூடாது. நீங்கள் போனில் பேசும்போது "சேவிங்ஸிலிருந்து ஏன் எடுத்தீர்கள்" என்று பொதுவாகக் கேட்காமல், "இது பிஎம்பி, விதி 10இன்படி சேவிங்ஸைத் தொடக்கூடாது" என்று சொல்லிப் பாருங்கள். எதிர்முனையில் பேசும் விதமே மாறும்.

ஆனால் கோடு சரியாக இருந்தால் மட்டும் போதாது. கணவரைச் சர்க்கரைக்கும் பிரஷருக்கும் மெடிக்கல் எய்டின் க்ரானிக் (நீண்டகால நோய்) திட்டத்தில் பதிந்திருப்பீர்கள். கிட்னிக்குத் தனியாகப் பதிந்தீர்களா? உங்கள் கடிதத்தில் அதைப் பற்றி ஒன்றும் இல்லை. ஒன்றுக்குப் பதிந்தால் மற்றது தானாக வராது. பல மெடிக்கல் எய்டுகள் இந்த ஒரு நோய்க்கு மட்டும் ஸ்பெஷலிஸ்ட் பிசிஷியன் அல்லது நெஃப்ராலஜிஸ்ட் (கிட்னி டாக்டர்) கையெழுத்தும், இஜிஎஃப்ஆர் 60க்குக் கீழே இருப்பதைக் காட்டும் ரிப்போர்ட்டும் கேட்கின்றன. மூன்று மாதத்துக்கு மேலாகக் குறைந்தே இருந்தால்தான் அது நாள்பட்ட நோய். அதனால் ஒரு ரிப்போர்ட்டை மட்டும் அனுப்பாமல் 52 வந்ததையும் 49 வந்ததையும் சேர்த்து அனுப்புங்கள்.

இன்னொன்றையும் பார்த்துவிடுங்கள். கணவரின் சர்க்கரை மருந்து ஸ்கிரிப்டில் என்ன கோடு இருக்கிறது? பழைய பதிவிலிருந்து ஈ11.9 என்று வந்துகொண்டே இருக்கக்கூடும். இரண்டாம் வகைச் சர்க்கரை நோய், சிக்கல் எதுவும் இல்லை என்று அதற்குப் பொருள். கிட்னி கெட்டதே சர்க்கரையால்தான் என்று டாக்டர் முடிவு செய்திருந்தால், ஒரு தாளில் "சிக்கல் இல்லை" என்றும் இன்னொரு தாளில் "மூன்றாம் நிலை" என்றும் இருப்பது ஒன்றையொன்று மறுக்கும். அப்போது எழுத வேண்டியது ஈ11.2 (சிறுநீரகச் சிக்கலோடு கூடிய சர்க்கரை), அதன் ஜோடியாக என்08.3 (சர்க்கரையால் சிறுநீரகத்தில் வந்த பாதிப்பு), நிலையைச் சொல்ல என்18.3. இங்குள்ள பில்லில் இவற்றைச் சாய்கோடு போட்டுப் பிரித்து ஈ11.2/என்08.3/என்18.3 என்று எழுதுவார்கள்.

வரிசை முக்கியம். உலகப் பதிப்பில் சில கோடுகளுக்குக் குத்துவாள் குறியும் (†) சிலவற்றுக்கு நட்சத்திரக் குறியும் (*) உண்டு. குத்துவாள் மூல நோயைச் சொல்லும், நட்சத்திரம் அது உடம்பில் எங்கே வெளிப்பட்டது என்பதைச் சொல்லும். என்08.3 நட்சத்திரக் கோடு. அதை முதலில் போட்டால் பில் உடனே திரும்பும். அமெரிக்கப் பதிப்பில் இந்த ஜோடி முறையே கிடையாது, அங்கே ஈ11.22 என்ற ஒரே கோடில் சர்க்கரையையும் கிட்னியையும் சேர்த்துவிடுவார்கள். அக்கா மகள் அடுத்து அதைத்தான் சொல்லுவாள். அதுவும் இங்கே செல்லாது.

பிரஷர் விஷயத்தில் இரண்டு ஊருக்கும் உள்ள தூரம் இன்னும் அதிகம். அமெரிக்க விதிப்படி, பிரஷரும் நாள்பட்ட சிறுநீரக நோயும் ஒருவருக்கு இருந்தால், டாக்டர் மறுத்து எழுதாதவரை இரண்டுக்கும் தொடர்பு இருப்பதாகவே கோடர் எடுத்துக்கொண்டு ஐ12 வரிசைக்குப் போகலாம். உலகப் பதிப்பில் ஐ12 என்பது பிரஷரால் வந்த சிறுநீரக நோய்க்கு. அதாவது காரணம் பிரஷர்தான் என்று டாக்டர் சொல்ல வேண்டும். அவர் சொல்லாவிட்டால் பிரஷருக்கு ஐ10, கிட்னிக்கு என்18.3 என்று தனித்தனியாக நிற்கும். சர்க்கரையா, பிரஷரா, இரண்டுமா, வேறு எதுவுமா என்று முடிவு செய்வது அவர் வேலை. சிறுநீரில் ஆல்புமின் எவ்வளவு போகிறது, கண்ணின் விழித்திரை எப்படி இருக்கிறது என்பதையெல்லாம் பார்த்துத்தான் அவர் சொல்லுவார். பணம் எந்தக் கோடில் சுலபமாக வருமோ அதைப் போடுங்கள் என்று மட்டும் யாரும் கேட்டுவிட வேண்டாம். இல்லாத நோயை எழுதிப் பணம் வாங்குவது குற்றம். டாக்டரின் பதிவுக்கே ஆபத்து.

மார்ச் பணத்துக்கு வருவோம். டாக்டரிடம் நேரில் பேசி, லேப் தாளில் விட்டுப்போன கோடை எழுதி லேபுக்கு அனுப்பச் சொல்லுங்கள். ரிசெப்ஷனில் கேட்டால் "நாங்கள் மாற்ற முடியாது" என்பார்கள். நோயின் கோடை டாக்டர்தான் தீர்மானிக்க வேண்டும் என்பதால் அவர்கள் சொல்வது சரிதான். திருத்திய கோடுடன் லேப் பில்லை மறுபடி அனுப்பும். விதி 6இன்படி, சிகிச்சை நடந்த மாதத்துக்குப் பின் வரும் நான்காவது மாதத்தின் கடைசி நாளுக்குள் பில் போய்ச் சேர வேண்டும். உங்கள் மார்ச் பரிசோதனைக்கு ஜூலை 31 வரை நேரம் இருக்கிறது. பில்லில் தவறு இருந்தால் மெடிக்கல் எய்ட் 30 நாளுக்குள் அதைச் சொல்ல வேண்டும். சொன்ன பிறகு திருத்தி அனுப்ப 60 நாள் உண்டு.

முதன்முதலில் 52 வந்த பரிசோதனைக்கும் பணம் கேட்கலாம். அப்போது நோய் உறுதியாகவில்லை. டாக்டர் ஆர்94.4, அதாவது சிறுநீரகப் பரிசோதனை முடிவு சரியில்லை என்ற கோடைப் போட்டிருந்தால் அதுதான் முறை. சந்தேகத்தை நோயாக எழுதக்கூடாது. ஆனால் நோயைக் கண்டறியும் செலவும் பிஎம்பியில் சேர்த்தி என்பதால், பின்னால் உறுதியானதும் அந்தப் பழைய பில்லைத் திருப்பிக் கணக்கிடக் கேட்க உங்களுக்கு உரிமை இருக்கிறது. டாக்டரிடம் நாலு வரிக் கடிதம் வாங்கி அதையும் சேர்த்து அனுப்புங்கள். அமைதியாக இருந்தால் யாரும் தானாக வந்து கொடுக்க மாட்டார்கள்.

கோடு எழுதினால் கணவரின் நோய் எல்லோருக்கும் தெரிந்துவிடுமே என்ற தயக்கம் சில வீடுகளில் உண்டு. நோயைச் சொல்ல நோயாளி மறுத்தார் என்பதற்கே இங்கே யு98.0 என்று ஒரு கோடு இருக்கிறது. ஆனால் அதைப் போட்டால் பிஎம்பியை மறந்துவிட வேண்டியதுதான். என்னைக் கேட்டால் இந்த நோயில் மறைத்துச் சம்பாதிப்பது ஒன்றுமில்லை. மூன்றாம் நிலை என்பது ஐந்தில் நடுவில் உள்ளது, டயாலிசிஸ் என்று பொருள் அல்ல; பலர் வருடக்கணக்கில் அங்கேயே நிற்கிறார்கள். இஜிஎஃப்ஆர் 30க்குக் கீழே இறங்கி அங்கேயே நின்றால்தான் கோடு என்18.4 ஆகும். கோடுக்குச் சம்பந்தமில்லாத ஒன்று: முழங்கால் வலிக்குக் கடையில் வாங்கிப் போடும் ஐபுப்ரோஃபென் வகை மாத்திரைகளை, டாக்டரையோ பார்மசிஸ்டையோ கேட்காமல் அவர் தொட வேண்டாம்.

இத்தனைக்கும் பிறகு மெடிக்கல் எய்ட் மறுத்தால், முதலில் அவர்களுக்கே எழுத்தில் புகார் கொடுங்கள். பேசிய தேதியையும் ரெஃபரன்ஸ் நம்பரையும் குறித்து வையுங்கள். அதற்கும் மசியாவிட்டால் மெடிக்கல் எய்டுகளைக் கண்காணிக்கும் கவுன்சில் ஃபார் மெடிக்கல் ஸ்கீம்ஸுக்கு எழுதலாம். அதற்குக் கட்டணம் இல்லை, வக்கீல் தேவையில்லை. இரண்டு லேப் ரிப்போர்ட், டாக்டர் கடிதம், திருத்துவதற்கு முன்பும் பின்பும் உள்ள பில், மெடிக்கல் எய்டின் பதில், இவ்வளவும் சேர்த்து அனுப்பினால் போதும். அடுத்த முறை ரத்தம் கொடுக்கப் போகும்போது, டாக்டர் அறையை விட்டு வெளியே வருவதற்கு முன்பே அந்தத் தாளை வாங்கிக் கோடு கட்டத்தைப் பார்த்துவிடுங்கள்.