பிரஸ்பர்கர் படப்பட்டியலில் ஓட்டை ஏன்?

1933க்கு முன்பு திரைக்கதை எழுத்தாளர் எமெரிக் பிரஸ்பர்கர் எழுதிய படம் ஒன்றுகூட அகப்படவில்லை, 1960களிலும் ஆளைக் காணோம் என்று கேட்டிருந்தீர்கள். சிக்கல் அவர் பெயரில்தான்.

1902இல் ஹங்கேரியின் மிஷ்கோல்ஸ் நகரில் பிறந்தபோது அவர் இம்ரே. ஹங்கேரிய வழக்கப்படி குடும்பப் பெயர் முன்னால் வரும், ஆகவே 'பிரஸ்பர்கர் இம்ரே' என்றும் தேடுங்கள். பெர்லினில் ஊஃபா என்ற ஜெர்மன் பட நிறுவனத்துக்கு எழுதிய காலத்தில் எமெரிக் என்று தேடினால் கிடைக்காது. அங்கே அவர் எம்மெரிக். 1930இல் ராபர்ட் சியோட்மாக் இயக்கிய 'அப்ஷீட்' படத்திலிருந்து தொடங்கலாம். ஹிட்லர் வந்ததும் யூதரான அவர் பாரிசுக்குத் தப்பி, 1935இல் லண்டன் சேர்ந்தார்.

அப்புறம் பிரிட்டிஷ் இயக்குநர் மைக்கேல் பவலுடன் கூட்டு. இங்கே இன்னொரு குழப்பம்: பல படங்களின் டைட்டிலில் எழுத்து, தயாரிப்பு, இயக்கம் மூன்றுக்கும் இருவர் பெயரும் சேர்ந்தே வரும். தளத்தில் நின்று இயக்கியது பெரும்பாலும் பவல், கதை பிரஸ்பர்கருடையது. '49வது பேரலல்' கதைக்கு ஆஸ்கர் வாங்கியது அவர் மட்டும்தான்.

1960களுக்கு 'ரிச்சர்ட் இம்ரி' என்று தேடிப் பாருங்கள். புனைபெயர்தான், ஆனால் பழைய இம்ரே அதில் எட்டிப் பார்க்கிறார், பாருங்கள்! 'ஆபரேஷன் கிராஸ்போ' (1965), 'தே ஆர் எ வியர்ட் மாப்' (1966) இரண்டும் அந்தப் பெயரில் வந்தவை.