கம்பி இறங்கிய பிறகு

வணக்கம் சார்,

118 பக்கத்தில் ஒரு பழிவாங்கும் திரைக்கதை எழுதியிருக்கிறேன். மகளை இழந்த அப்பா 112ஆம் பக்கத்தில் கொலைகாரனைக் கொல்கிறார். “கம்பி இறங்குகிறது. ஸ்லோ மோஷன். மழை. இசை உச்சத்துக்குப் போகிறது” என்று எழுதியிருக்கிறேன். பார்ப்பவருக்கு அது நெருட வேண்டும் என்பதுதான் என் எண்ணம். படித்த நண்பர்களோ “செம க்ளைமாக்ஸ்” என்கிறார்கள். கொலைகாரனின் கொடுமையான சிறுவயதை ஃப்ளாஷ்பேக்காகச் சேர்த்தும் பலனில்லை. அவனுக்குச் சாப்பாடு கொண்டுவரும் தம்பியைத் தவிர அவன் பக்கத்தில் வேறு யாரும் இல்லை. எங்கே கோட்டை விட்டேன்?

எம்.

அன்புள்ள எம்.,

முதலில் அந்த ஃப்ளாஷ்பேக்கைத் தூக்குங்கள். “இவனுக்கு வக்காலத்து வேறயா” என்ற எரிச்சலைத்தான் அது கிளப்பும். அந்த எரிச்சலும் சேர்ந்துகொண்டுதான் கடைசியில் கைதட்டலாகிறது. சந்தேகம் விழ வேண்டியது அப்பாவின் மேல்.

ஸ்வீடன் இயக்குநர் பெர்க்மனின் ‘தி வர்ஜின் ஸ்பிரிங்’ (1960) படம் உங்கள் கதைக்குத் தாத்தா. மகளைக் கொன்றவர்கள் தன் வீட்டிலேயே படுத்திருப்பது தெரிந்தும் அப்பா உடனே பாய்வதில்லை. தனியாகப் போய் ஓர் இளம் பிர்ச் மரத்தோடு மல்லுக்கட்டி அதைச் சாய்க்கிறார். கிளைகளை வெட்டுகிறார். குளிக்கிறார். பிறகுதான் கத்தி. இவ்வளவு அவகாசம் இருந்தும் அவர் மனம் மாறவில்லை என்பதை நாம் உட்கார்ந்து பார்க்கிறோம். ஆத்திரத்தில் செய்துவிட்டார் என்ற சாக்கு அங்கேயே போய்விடுகிறது. வந்தவர்களோடு ஒரு சிறுவனும் இருக்கிறான். கொலையில் அவனுக்குக் கை இல்லை. அவனையும் தூக்கிச் சுவரில் வீசுகிறார். அதுவரை அவர் பக்கம் நின்ற பார்வையாளன் அந்த இடத்தில் நகர முடியாமல் மாட்டிக்கொள்கிறான்.

அடுத்தது இடம். ஒரு பக்கம் ஏறக்குறைய ஒரு நிமிடம் என்றால், கொலைக்குப் பிறகு உங்களிடம் மிஞ்சுவது ஆறு நிமிடம். விளைவு முளைக்க அது போதாது. ‘ப்ளூ ரூயின்’ (2013) படத்தில், தன் பெற்றோரைக் கொன்றதாகச் சிறைக்குப் போய்வந்தவனை நாயகன் முதல் அரைமணிக்குள்ளேயே கொன்று பழியை முடித்துவிடுகிறான். மீதிப் படம் முழுக்க அதற்கான பில். அவன் கொலையாளியே அல்ல, பெற்றோரைக் கொன்றது அவனுடைய அப்பா என்பதும் கொன்ற பிறகுதான் தெரிகிறது. நீங்கள் கொலையை 50ஆம் பக்கத்துக்கு இழுத்துப் பாருங்கள். கதையைக் கடைசியிலிருந்து முதலுக்குச் சொல்லி வரிசையையே தலைகீழாக்குவதும் ஒரு வழிதான். இப்போதைக்கு அந்த விஷப்பரீட்சை வேண்டாம்.

மகளின் கொலையை முழுசாகக் காட்டியிருந்தால் அதையும் வெட்டுங்கள். கண்ணால் பார்த்துவிட்டவன் தீர்ப்பை எழுதி முடித்துவிடுவான். அப்பாவுக்குத் தெரிந்தது மட்டும் நமக்கும் தெரியட்டும்.

இனி அந்தக் காட்சி. ஸ்லோ மோஷன், மழை, இசை மூன்றும் கைதட்டச் சொல்லும் சைகைகள்தான். அடித்துவிடுங்கள். கம்பி இறங்கியதும் கட் செய்யாமல் அரைப் பக்கம் கூடுதலாக எழுதுங்கள். விழுந்தவன் உடனே சாகவில்லை, மூச்சு இழுக்கிறது. அவன் சட்டைப்பையில் போன் அடிக்கிறது, நிற்கிறது, மறுபடி அடிக்கிறது. கம்பியைக் கீழே போட நினைத்தாலும் அப்பாவின் விரல்கள் பிரியவில்லை. அவர் அழும் க்ளோசப் மட்டும் வேண்டவே வேண்டாம். ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டால் போதும், பார்ப்பவர் அவரை மன்னித்துவிட்டு நிம்மதியாக எழுந்து போய்விடுவார்.

அந்தத் தம்பியை வீணடித்திருக்கிறீர்கள். போன் இரண்டாம் முறை அடித்து நின்றதும், சாப்பாட்டுப் பாத்திரத்தோடு அவனை வாசலில் நிறுத்துங்கள். அப்பாவின் கையில் கம்பி இன்னும் இருக்கிறது. அங்கிருந்து எழுதுங்கள்.