மட்டக்களப்பு வாவிக்கு மேற்கேயுள்ள படுவான்கரைப் பிள்ளைகள் உயர்தர (தரம் 12, 13) விஞ்ஞானம் படிக்க ஏன் டவுனுக்கு வருகிறார்கள்?

ஊரில் பாடசாலை இல்லாமல் இல்லை, அரசு அதற்குக் கொடுத்திருக்கும் வகைதான் பிரச்சினை. உயர்தர விஞ்ஞானப் பிரிவு 1ஏபி பாடசாலையில்தான் இருக்கும். 1சி என்றால் கலை, வர்த்தகத்தோடு சரி. வகை 2 தரம் 11உடன் முடிந்துவிடும். வாவிக்கு மேற்கே 1ஏபி குறைவு.

மட்டக்களப்பு நகரிலோ 1814இல் மிஷனரிமார் தொடங்கிய மெதடிஸ்த மத்திய கல்லூரி, வின்சன்ட், புனித மிக்கேல் எல்லாம் கிட்டக் கிட்ட. கல்லடிப் பாலம் தாண்டினால் சிவானந்தா. டியூசனும் அங்கேதான்.

கட்டடம், ஆய்வுகூடம்கூடக் கட்டிவிடலாம். இருக்கிற ஒரே பௌதிகவியல் ஆசிரியர் இடமாற்றம் வாங்கிப் போனால் பிரிவே ஆட்டம் காணும். தினமும் வாவி கடந்து வர எந்த ஆசிரியருக்குத்தான் விருப்பம்?

பிள்ளையைச் சேர்க்குமுன் வலயக் கல்வி அலுவலகத்தில் வகையைக் கேளுங்கள். 'மகா வித்தியாலயம்' என்ற பெயர்ப்பலகையை மட்டும் நம்பிவிடாதீர்கள்.